அமாயாவுக்கு அர்த்தம் பார்த்த செல்வி

ஏற்காட்டில் ஒண்டிக்கடை என்கிற முக்கில், பேக்கரிக்கும் மருந்துக்கடைக்கும் நடுவில், ஒரு ஆள் உடம்பைத் திருப்பி நுழைகிற அகலத்தில் இருப்பதுதான் எங்கள் கடை. ஜெராக்ஸ், லேமினேஷன், ஆன்லைன் விண்ணப்பம், போட்டோ பிரிண்ட் எல்லாம் உண்டு. என் வீட்டுக்காரர் உசேன் சேலத்துக்கு இறங்கிப் போய் பேப்பரும் மையும் வாங்கி வருவார். கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து ஊர்க்காரர்களின் அவசரத்தை வாங்கிக் கட்டிக்கொள்வது நான். எனக்குக் கோபம் சீக்கிரம் வரும். அது தெரிந்தும் எல்லோரும் என்னிடம்தான் வருகிறார்கள். கேட்டதை ஒழுங்காகச் செய்து கொடுத்துவிடுவேன் என்பதால் இருக்கலாம். சரி, இது என் கதை இல்லை, செல்வியக்காவின் கதை.

செல்வியக்கா கரடியூர் போகிற வழியில் லாசர் என்பவர் நடத்தும் ஹோம்ஸ்டேயில் வேலை பார்க்கிறார். அறை கூட்டுவது, படுக்கை விரிப்பது, சமையல் மூன்றும் அவர் பொறுப்பு. புருஷன் ராஜேந்திரன் ஒரு எஸ்டேட்டில் பம்ப் ஓட்டுகிறார். ஒரே மகன் ஓசூரில் கம்பெனி வேலையில் இருக்கிறான். செல்வியக்கா அதிர்ந்து பேசாதவர், யார் பேசினாலும் தலையைக் கொஞ்சம் சாய்த்துக் கேட்பவர். இந்த மலையில் எனக்கு அவரிடம் மட்டும் கோபம் வந்ததில்லை.

செல்வி என்பது அவருடைய பேர் இல்லை. அவர் பிறந்தது ஓமலூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில், ஐந்தாவது பெண்ணாக. நாலு பெண்ணுக்குப் பிறகு ஐந்தாவதும் பெண்ணாகப் பிறந்தால் எங்கள் பக்கத்தில் என்ன பேர் வைப்பார்கள் என்று நான் சொல்லத் தேவையில்லை. போதும்பொண்ணு. இதோடு நிறுத்திக்கொள் என்று சாமிக்குச் சொல்லும் சேதியை ஒரு பச்சைக் குழந்தையின் தலையில் எழுதி வைப்பது. சாமிக்கும் காது கேட்டுவிட்டது போலிருக்கிறது, அடுத்து ஒரு பையன் பிறந்தான். அவன்தான் ரஞ்சித். பேர் பலித்துவிட்டது என்று அந்த வீட்டில் அதன் பிறகு ஒரே பெருமை.

பள்ளிக்கூடத்தில் வாத்தியார் பேர் கூப்பிட்டால் பிள்ளைகள் "போதும் சார், போதும் சார்" என்று கத்துவார்களாம். கல்யாணப் பத்திரிகையில் 'திருநிறைச்செல்வி போதும்பொண்ணு' என்று அச்சடித்து வந்தபோது, பின்பாதியை விரலால் மறைத்துவிட்டு முன்பாதியைப் படித்துப் பார்த்திருக்கிறார். நன்றாக இருந்திருக்கிறது. புருஷனோடு மலை ஏறி வந்து, ஹோம்ஸ்டேயில் பேர் கேட்டபோது, "செல்விங்க" என்று சொல்லிவிட்டார். ஏற்காடு முழுக்க அவர் செல்வியானது அப்படித்தான்.

அவருடைய அம்மா லட்சுமி, மகன் ரஞ்சித்தோடு இருப்பதற்காக மலைக்கு வந்து சேரும் வரை இது நன்றாகவே ஓடியது. ரஞ்சித் இங்கே டூரிஸ்ட் வேன் ஓட்டுகிறான். ஒரு ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் லட்சுமியம்மா ரோட்டின் அந்தப் பக்கத்திலிருந்து, "ஏ போதும்பொண்ணு, தேங்கா வாங்கிட்டியா?" என்று ஒண்டிக்கடைக்கே கேட்கிற மாதிரி கூப்பிட்டார். என் கடை வாசலில் நின்றிருந்த செல்வியக்கா கையிலிருந்த பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு விறுவிறுவென்று போய்விட்டார். மறுநாள் வேலையே இல்லாமல் கடைக்கு வந்து நின்றார்.

"நேத்து எங்கம்மா கூப்புட்டது கேட்டுச்சா கண்ணு?"

"கேக்கலக்கா, ஒரே ஹாரன் சத்தம்" என்றேன். பொய் என்று அவருக்குத் தெரியும். ஆனாலும் உட்கார்ந்து ஒரு டீ குடித்துவிட்டுப் போனார். நாங்கள் சிநேகிதிகளானது அன்றைக்குத்தான்.

அவருக்கு ஒரு வழக்கம் உண்டு. சுற்று வட்டாரத்தில் யார் வீட்டில் குழந்தை பிறந்தாலும், வைக்கப்போகிற பேரைத் தெரிந்துகொண்டு என்னிடம் வருவார். "இதுக்கு என்ன அர்த்தம்னு பாரு கண்ணு." நல்ல அர்த்தமாக இருந்தால் முகம் மலர்ந்து போய்விடுவார். ஒரு தரம், அவர் பக்கத்து வீட்டில் ஒரு பெண் குழந்தைக்கு ஸ்டைலாக இருக்கிறதென்று தேர்ந்தெடுத்திருந்த பேர், தேடிப் பார்த்தால் ஒரு வயிற்றுப்போக்கு மாத்திரையின் பேர். வேலைக்குப் போய்க்கொண்டிருந்தவர் பாதி வழியில் திரும்பி, மழையில் நடந்து போய்ச் சொல்லி அதை மாற்ற வைத்தார். அந்த வீட்டார் நன்றி சொன்னார்களோ என்னவோ, செல்வியக்கா அதைப் பற்றிக் கவலைப்படவில்லை.

போன வருஷம் சேர்வராயன் கோயில் திருவிழா முடிந்த வாரம், லாசர் வீட்டுக்கு நெரெயா என்று ஒரு வெளிநாட்டுப் பெண் வந்து தங்கினாள். காப்பித் தோட்டங்களில் பறவைச் சத்தங்களைப் பதிவு செய்வதுதான் வேலை. கூடவே ஐந்து வயது மகள். அம்மா காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு மிளகுக் கொடிகளுக்கு நடுவில் நிற்கும்போதெல்லாம் அந்தக் குழந்தை செல்வியக்காவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு அடுப்படியில் திரிந்தது. தோசை திருப்பக் கற்றுக்கொண்டது. பார்க்கிறவர்களிடமெல்லாம் "சாப்டாச்சா?" என்று கேட்டது. சாயங்காலம் நெரெயா திரும்பி வரும்போது கேட் அருகிலிருந்தே "அமாயா" என்று கூப்பிடுவாள். உடனே கையிலிருப்பதைப் போட்டுவிட்டு ஓடும்.

"அந்தம்மா கூப்புடறதக் கேக்கோணும் கண்ணு. அப்படியொரு பேரு. கூப்புட்டா ஓடி வராம இருக்க முடியாது" என்று என்னிடம் சொல்லிக்கொண்டே இருப்பார். ஆடி மழை பிடித்ததும் அவர்கள் ஊருக்குப் போய்விட்டார்கள். அந்த வாரம் செல்வியக்காவுக்கு முகமே சரியில்லை.

இந்த வருஷம் ரஞ்சித்துக்கு இரண்டாவது குழந்தை பிறந்தது. மூத்தது பெண், இதுவும் பெண். நட்சத்திரம் கார்த்திகை, அதனால் அ, இ, உ, எ இந்த நாலில் ஒன்றில் பேர் ஆரம்பிக்க வேண்டும் என்று ஜோசியர் சொல்லிவிட்டார். செல்வியக்கா தயங்கித் தயங்கி "அமாயா" என்றார். அவர்கள் வீட்டில் ஒரு கருத்தில் எல்லோரும் ஒத்துப்போனது அன்றைக்கு ஒருநாள்தான். ரஞ்சித்துக்கு மாடர்னாக இருக்கிறதென்று பிடித்தது. அவன் மனைவி ஐஸ்வர்யா, "நல்லாருக்குங்க அண்ணி" என்றாள். லட்சுமியம்மாவுக்கு அதற்குள் ஒரு மாயா கேட்டது, மகமாயி பேர்தானே என்று சம்மதித்துவிட்டார். பேர் வைக்கிற அன்றைக்குக் குழந்தையை மடியில் வைத்து, காதில் மூன்று தரம் பேர் சொல்ல வேண்டியவள் அத்தை. அந்த அத்தை செல்வியக்கா.

அர்த்தம் பார்க்காமல் அவர் விடுவாரா? மறுநாளே வந்துவிட்டார்.

பேர்களுக்கு அர்த்தம் சொல்கிற இணையதளங்கள் மேல் எனக்குத் தனியாக ஒரு எரிச்சல் உண்டு. ஒரே பேருக்கு ஒன்று இளவரசி என்னும், இன்னொன்று மல்லிகை என்னும். ஒன்றுமே தெரியாவிட்டால் அழகானவள், அறிவானவள் என்று அடித்துவிடும். சோம்பேறி என்று எந்தப் பெண் குழந்தைக்கும் அவர்கள் அர்த்தம் போட்டு நான் பார்த்ததில்லை. பக்கத்திலேயே ராசி எண் ஆறு, ராசி நிறம் பச்சை. என் மகன் இர்பானுக்குப் பேர் வைத்தபோது இந்தக் கூத்தே வேண்டாமென்று பள்ளிவாசல் அஜ்ரத்திடம் கேட்டு வைத்தோம்.

அமாயா என்று தட்டியதும் முதலில் வந்த தளம் அதை ஜப்பானியப் பேர் என்றது. இரவு மழை என்று அர்த்தமாம்.

"ராத்திரி மழ. நல்லாத்தான இருக்குது" என்றார் செல்வியக்கா.

அடுத்தது சமஸ்கிருதம் என்றது. கபடமில்லாதவள்.

"இதுவும் நொம்ப நல்லாருக்குது கண்ணு."

"அக்கா, சேலை எடுக்கற மாதிரி புடிச்சத எடுத்துக்க முடியாது. அந்தப் பாப்பா ஜப்பானா?"

"இல்ல கண்ணு. ஸ்பெயின்னு பாஸ்போர்ட்டுல இருக்குதாம். ஆனா ஸ்பெயின்னு சொன்னா நெரெயா மூஞ்சியச் சுளிக்கும். அவங்க பாஸ்க்காம். மலையும் கடலும் ஒண்ணா இருக்கற ஊராம். பேச்சும் வேற பேச்சாம்."

பாஸ்க் என்று சேர்த்துத் தேடினேன். ஸ்பெயினின் வட பகுதியில், பிரான்ஸ் எல்லையை ஒட்டிய சீமை. அக்கம்பக்கத்து மொழிகள் எதோடும் ஒட்டாத மொழி. அந்தப் பேருக்கு அங்கே ஒரே ஒரு அர்த்தம்தான் போட்டிருந்தது. நம்பாமல் ஒரு பாஸ்க் அகராதியைத் திறந்து பார்த்தேன். அதிலும் அதேதான். நான் திரையையே பார்த்துக்கொண்டிருந்ததைக் கவனித்துவிட்டார்.

"என்ன போட்டுருக்குது?"

நான் பொய் சொன்னால் அவர் கண்டுபிடித்துவிடுவார். "முடிவு" என்றேன்.

"எதோட முடிவு?"

"அதெல்லாம் இல்லக்கா. முடிவு. அவ்வளவுதான்."

செல்வியக்கா ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். ஜெராக்ஸ் எடுக்க வந்த ஒருவர் வாசலில் நின்று கனைத்தார். அவரை பேக்கரியில் போய் ஒரு டீ குடித்துவிட்டு வரச் சொன்னேன். பிறகு செல்வியக்கா கேட்டது எனக்கு இன்னும் மறக்கவில்லை.

"அந்தப் பாப்பா ஒத்தப் புள்ளதான கண்ணு? ஒண்ணு பொறந்ததுமே போதும்னுட்டாளா அந்தப் பொம்பள?"

எந்த ஊராக இருந்தால் என்ன, பெண்ணுக்கு முடிவு என்று பேர் வைத்தால் அதற்கு ஒரே காரணம்தான் இருக்க முடியும் என்று அவர் நினைத்துவிட்டார். நெரெயா மேல் வந்த மாதிரி ஒரு கோபத்தை அதற்கு முன் நான் அவரிடம் பார்த்ததில்லை. "அத்தன ஆசையாக் கூப்புட்டாளே" என்று இரண்டு மூன்று தடவை சொன்னார்.

"கேட்டுரலாம்" என்றேன். நெரெயாவின் நம்பர் அவர் போனில் இருந்தது. பொங்கலுக்கும் பிறந்தநாளுக்கும் போட்டோ அனுப்பிக்கொள்வார்கள். நான் இங்கிலீஷில் கேள்வியைத் தட்டினேன். மகளுக்கு ஏன் அமாயா என்று பேர் வைத்தாய் என்று நாகரிகமாகக் கேட்டிருந்தேன். செல்வியக்கா படித்துக் காட்டச் சொல்லி, போதாது என்றார். "பையன் வேணும்னு வெச்சியான்னு கேளு." அதையும் தட்டினேன்.

மறுநாள் காலையில் பதில் குரல் பதிவாக வந்தது. செல்வியக்கா வேலைக்குப் போகிற வழியில் கடையில் இறங்கிவிட்டார். நெரெயா நிதானமாக, எனக்குப் புரிகிற இங்கிலீஷில் பேசியிருந்தாள். அது அவளுடைய சித்தியின் பேராம். அந்த ஊரில் அமாயா ரொம்ப சகஜமாம், மகளின் வகுப்பிலேயே இன்னொரு அமாயா இருக்கிறாளாம். முடிவு என்று அர்த்தம் என்பது உண்மைதான், ஆனால் கூப்பிடும்போது யாரும் அதை நினைப்பதில்லை என்றாள். கடைசியில், "பையனா? எதுக்கு?" என்று நிஜமாகவே விளங்காமல் கேட்டிருந்தாள்.

நான் தமிழில் சொல்லி முடித்ததும் செல்வியக்கா அந்தக் கடைசித் துண்டை மட்டும் திரும்பப் போடச் சொன்னார். போட்டேன். இன்னொரு தரம் போடச் சொன்னார். அதற்குப் பின்னால் குழந்தையின் குரல், "செல்வி, சாப்டாச்சா?" என்றது. செல்வியக்கா வாய்விட்டுச் சிரித்தார், கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அங்க அது வெறும் பேரு கண்ணு. அப்ப வெக்கலாம்."

"தாராளமா வைங்க. இங்க யாருக்கும் அர்த்தம் தெரியாது, நீங்க வாயத் தொறக்காம இருந்தா."

"பெத்தவங்களுக்குத் தெரியாம எப்படி கண்ணு வெக்கறது" என்று சொல்லிவிட்டுப் போனார். அன்றைக்கே தம்பியிடம் சொல்லியும் விட்டார். ரஞ்சித் சிரித்திருக்கிறான். சிரித்ததோடு நிறுத்தாமல், ராத்திரி சாப்பிடும்போது அம்மாவிடம் விளையாட்டாக அதைச் சொல்லியிருக்கிறான்.

அடுத்த நாள் லட்சுமியம்மா என் கடைக்கே வந்துவிட்டார்.

"ஏனுங்க, அந்தப் பேருக்கு முடிவுன்னு அர்த்தமாமா? நெசந்தானுங்களா?"

ஆமாம் என்றேன். அவர் திரும்பி நின்று சேர்வராயன் மலை இருக்கிற பக்கம் பார்த்துக் கும்பிட்டார்.

"நாங்க தேடிப் போவல பாருங்க. அதுவாத் தேடிட்டு வந்துருக்குது. இதோட பொட்டப்புள்ள முடிஞ்சுது. அடுத்தது பையன்தானுங்க."

"அம்மா, அது எங்கயோ வெளிநாட்டுல புள்ளைங்களுக்கு வெக்கற பேரு. அந்த ஊர்ல யாரும் அந்த நெனப்புல வெக்கறதில்ல."

"எந்த ஊரா இருந்தா என்னங்க? என்ற மகளுக்கு வெச்சேன், ரஞ்சித்து பொறந்தான். கண்ணால பாத்தவளுக்கு நீங்க சொல்லித் தரோணுங்களா?"

அவரைக் கெட்டவர் என்று சொல்லிவிட்டால் எனக்குக் கோபப்பட வசதியாக இருக்கும். ஆனால் இர்பானுக்குக் காய்ச்சல் வந்தபோது மழையில் நனைந்துகொண்டு கஷாயம் கொண்டுவந்து கொடுத்தவர் அவர். ஒவ்வொரு பெண்ணாகப் பெற்று, ஒவ்வொரு தரமும் மாமியாரிடம் பேச்சு வாங்கியவர். தப்பித்துக்கொள்ள அவருக்குக் கிடைத்த ஒரே வழி பலித்ததும் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். இதெல்லாம் எனக்குப் புரிகிறது. புரிந்தும் அன்றைக்கு நான் அவரை உட்காரச் சொல்லவில்லை.

சாயங்காலம் செல்வியக்கா வந்தார். அவருக்கு விஷயம் எட்டியிருந்தது.

"ஊரெல்லாஞ் சொல்லிட்டு வருது எங்கம்மா."

"வேற பேரு வெச்சிருங்கக்கா. எத்தனையோ பேரு இருக்கு."

"கேக்குல எழுதச் சொல்லிப் பணங் கட்டிட்டான் ரஞ்சித்து. ஐஸ்வர்யாவும் அந்தப் பேருதான் சொல்லிக் கொஞ்சிட்டிருக்குது. நாங் கொண்டாந்த பேரு. நானே வேண்டாம்னா என்னன்னு சொல்றது?" எழுந்து பையை எடுத்துக்கொண்டார். பிறகு, "என்ற வாயாலதான கண்ணு அதோட காதுல சொல்லோணும்" என்றார்.

என்ன செய்யப்போகிறார் என்று அவருக்கே அன்றைக்குத் தெரிந்திருக்காது என்றுதான் நினைக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை பேர் வைத்தார்கள். ரஞ்சித்தின் வீடு ஒண்டிக்கடைக்குக் கீழே இறங்குகிற சந்தில் இருக்கிறது. வாசலில் பந்தல் போட்டு, உள்ளே தொட்டிலுக்குப் பூச்சுற்றி, மேஜையில் பெரிய கேக் வைத்திருந்தார்கள். கேக்கின் மேல் ரோஸ் நிற க்ரீமில் அமாயா. நான் ஒரு கவுன் வாங்கிக்கொண்டு போயிருந்தேன். லட்சுமியம்மா வருகிறவர்களை வாசலிலேயே நிறுத்தி, பேருக்கு அர்த்தம் சொல்லித்தான் உள்ளே விட்டார். "அப்ப அடுத்த வருசம் பையனுக்கு மொட்டையடிக்கக் கூப்புடுங்க" என்று யாரோ சொன்னார்கள். எல்லோரும் சிரித்தார்கள். உள்ளே பாயில் குழந்தையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்த ஐஸ்வர்யாவும் சிரிக்க வேண்டியிருந்தது.

செல்வியக்கா பட்டுச்சேலை கட்டி, குழந்தைக்கு வெள்ளிக் கொலுசு போட்டு, மடியில் வாங்கிக்கொண்டார். நான் அவருக்குப் பக்கத்தில் சுவரோரமாக உட்கார்ந்திருந்தேன். குழந்தை விழித்துக்கொண்டு அவர் தாலிக்கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தது. லட்சுமியம்மா ஒரு வெற்றிலையை நீட்டினார். அதைக் குழந்தையின் காதோரம் மறைப்பாகப் பிடித்துக்கொண்டுதான் பேர் சொல்ல வேண்டும்.

"சொல்லு போதும்பொண்ணு. ஒனக்குப் பேரு வெச்ச ராசிதான் இவளுக்கும் வரோணும்."

செல்வியக்கா வெற்றிலையை வாங்கினார். குனிந்தார். வெற்றிலையைக் காதிலிருந்து எடுத்துவிட்டு நிமிர்ந்தார்.

"இந்தப் பேர நாஞ் சொல்லலம்மா."

"என்னடி இது? நல்ல நேரம் போயிட்டிருக்குது."

"நாஞ் சொல்லல. யாரும் சொல்ல வேண்டாம்."

"நீதானடி கொண்டாந்த?"

"நாங் கொண்டாரப்ப அது ஒரு புள்ளயோட பேரு. நீ அத என்ற பேரா ஆக்கிட்ட."

அவர் குரலை உயர்த்தவில்லை. ஆனாலும் பந்தலில் இருந்தவர்கள் கூட எட்டிப் பார்த்தார்கள். லட்சுமியம்மாவின் முகம் சிவந்துவிட்டது. அது கோபம் மட்டும் இல்லை, அவருக்கு நிஜமாகவே மனசு நொந்துவிட்டது.

"உன்ற பேருக்கு என்னடி கொறச்சல்? உங்கப்பா எத்தன ஆசையாக் கூப்புடுவாரு. சந்தைக்குப் போயிட்டு வந்தா வாசல்ல இருந்தே உன்ற பேருதான். மத்ததுக நாலும் நிக்க, உன்னத்தான் கூப்புடுவாரு."

"ஆமாம்மா. ஆசையாத்தாங் கூப்புடுவாரு. நானும் ஓடுவேன்." செல்வியக்கா குழந்தையின் காலைப் பிடித்து மெதுவாக நீவிக்கொண்டே பேசினார். "ஒருத்தரு ஆசையா, போதும் போதும்னு கூப்புடறப்ப கோவிச்சுக்கக்கூட முடியாதும்மா. வெவரந் தெரிஞ்சப்பறமும் ஓடிட்டுத்தான் இருந்தேன். இதுவும் ஓடி வருமில்ல. நீ கூப்புட்டா சிரிச்சுட்டே ஓடி வரும். அத என்னால பாக்க முடியாது."



ரஞ்சித் கேக் மேஜைக்குப் பக்கத்தில் நின்றிருந்தான். அக்காவின் பேரால் தான் பிறந்ததாகச் சொல்லிச் சொல்லியே வளர்க்கப்பட்டவன். அந்தக் கதையில் அக்கா எங்கே நிற்கிறாள் என்று அவன் அதற்கு முன் பார்த்திருக்க மாட்டான். வந்து அக்காவின் எதிரில் தரையில் உட்கார்ந்தான்.

"நா இப்ப என்ன பண்ணட்டும்க்கா?"

"நீ ஒண்ணும் பண்ணாத சாமி. உன்ற பொண்டாட்டியக் கேளு."

பெற்றவளை இதுவரை யாரும் ஒரு பேர் கேட்கவில்லை என்பது அப்போதுதான் எங்களுக்கெல்லாம் உறைத்தது. நானும்தான் கேட்கவில்லை. ஐஸ்வர்யா மாமியாரைப் பார்க்காமல், அண்ணியை மட்டும் பார்த்துக்கொண்டு, "எழில்" என்றாள். சட்டென்று சொன்னாள். ரொம்ப நாளாக மனசில் வைத்திருந்த பேராகத்தான் இருக்கும். ஜோசியர் சொன்ன எழுத்தும் சரியாக இருந்தது. ரஞ்சித் எழுந்து போய், கேக்கின் மேல் இருந்த எழுத்தைக் கத்தியால் வழித்துவிட்டான்.

செல்வியக்கா வெற்றிலையைப் பிடித்துக்கொண்டு மறுபடி குனிந்தார். எழில் என்று முதல் தரம் சொன்னபோது குழந்தை கையை உதறியது. இரண்டாவது தரம் சொன்னார். மூன்றாவது தரம் சொல்லும்போது அவருக்குக் குரல் உடைந்துவிட்டது. ஐஸ்வர்யா அவர் தோளைப் பிடித்துக்கொண்டாள். சர்க்கரைத் தண்ணீரை நாக்கில் தொட்டு வைத்து, குழந்தையைத் தொட்டிலில் போட்டார்கள்.

பிறகு பந்தி நடந்தது. வந்தவர்கள் எதுவும் நடக்காத மாதிரி சாப்பிட்டார்கள், அப்படித்தான் சாப்பிட முடியும். சாம்பார் வாளியைத் தூக்கிக்கொண்டு லட்சுமியம்மா யாரோடும் பேசாமல் பரிமாறினார். எனக்கும் இரண்டு தரம் ஊற்றினார். செல்வியக்கா தொட்டிலைப் பிடித்துக்கொண்டு ஜன்னல் பக்கம் நின்றுவிட்டார், சாப்பிட வரவில்லை.

கடைசிப் பந்திக்கு இலை போட்டார்கள். ஒரு இலை காலியாக இருந்தது. லட்சுமியம்மா வாளியைக் கீழே வைத்துவிட்டு, மகளைக் கூப்பிட வாயைத் திறந்தார். "ஏ..." என்றார். அதற்கு மேல் வரவில்லை. பிறந்ததிலிருந்து கூப்பிட்ட பேரை இப்போது சொல்ல முடியவில்லை. ஊரே கூப்பிடுகிற பேரை அவர் ஒருநாளும் சொன்னதில்லை. பெற்ற மகளைச் சோறு தின்னக் கூப்பிட அவரிடம் ஒரு பேர் இல்லை. பிறகு ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, தானே நடந்து போய் மகளின் கையைப் பிடித்து இலைக்குக் கூட்டிக்கொண்டு வந்தார்.